செருப்பும் பையும் பிரிந்தால்

தாராவி லிங்க் ரோட்டில் ஆசையாக வாங்கிய தோல் பை ஓரம் பிரிந்தால் வீசிவிடாதீர்கள். ஹார்டுவேர் கடையில் ஃபெவிகால் எஸ்.ஆர். போன்ற ரப்பர் பசை கேளுங்கள். மரவேலைக்கான வெள்ளை ஃபெவிகால், மேசைமேல் தோல் பதிக்க உதவும். மடங்கும் இடத்துக்கு ஆகாது. ஃபெவிகுவிக்கும் காய்ந்தால் விறைத்து, மடிப்பில் விட்டுவிடும்.

தோலின் வழவழப்பான பக்கத்தில் பசை நிற்காது. ஒட்டும் இடத்தை மட்டும் உப்புத்தாளால் சொரசொரப்பாகத் தேய்த்துத் தூசியைத் துடையுங்கள். இரு பக்கமும் மெல்லிசாகப் பூசி 10–15 நிமிடம் விடுங்கள்; மழை நாளில் இன்னும் கொஞ்சம். தொட்டால் பிசுபிசுக்க வேண்டும், விரலோடு வரக் கூடாது. அப்போது இணைத்துச் சுத்தியலால் நன்றாகத் தட்டுங்கள். பிறகு நகர்த்த முடியாது. அதனால் பென்சிலில் கோடு போட்டுக்கொள்வது நல்லது.

ரெக்ஸினோ பி.வி.சி. சோலோ என்றால் பி.யு. (பாலியூரித்தேன்) பசைதான். பி.வி.சி.யிலிருந்து கசியும் எண்ணெய்ப் பொருள் ரப்பர் பசையை இளக்கிவிடும்.

இந்தப் பசைகளின் ஆவி சட்டென்று தீப்பிடிக்கும், தலையும் சுற்றும். ஒற்றை அறை வீடென்றால் அடுப்பையும் சாமி விளக்கையும் அணைத்து, ஜன்னலைத் திறந்து, பிள்ளைகளை வெளியே அனுப்பிவிட்டு டின்னைத் திறங்கள்.