கற்பிட்டியில் டொல்பின் பார்க்க: யாழ்ப்பாணத்திலிருந்து புறப்படுகிறவர்களுக்கு

மாரியில் மட்டும் ஓடுகிற வழுக்கியாற்றை விட்டால், ஆறென்று காட்ட எங்கள் குடாநாட்டில் ஒன்றுமில்லை. ஆகவே ஆற்று டொல்பினுக்கும் இங்கே இடமில்லை. ஆனால் விடியப்புறம் வானில் ஏறினால் பின்னேரத்துக்குள் கற்பிட்டிக்குப் போய்விடலாம். அங்கே வெளிக்கடலில் நூற்றுக்கணக்கில் கூட்டமாகத் துள்ளுகிற டொல்பினும் உண்டு, களப்புக்குள் எப்போதாவது முதுகு காட்டுகிற அரிதான டொல்பினும் உண்டு. குடும்பத்தோடும் அயலவர்களோடும் போக நினைப்பவர்களுக்கு இந்தக் குறிப்புகள்.

1. ஆறு பேர், மிஞ்சினால் எட்டுப் பேர். அதற்கு மேல் சேர்க்க வேண்டாம். கற்பிட்டியில் ஆட்களை ஏற்றிப் போவது மீன்பிடிக்கும் ஃபைபர் படகுகள்தான். ஒன்றில் ஆறேழு பேர் இருந்தாலே இடம் நெருக்கம். ஆட்கள் கூடினால் இரண்டு படகு பிடிக்க வேண்டும், இரண்டு படகும் ஒரே கூட்டத்தைச் சுற்றி வளைக்கும், பிறகு யார் படகுக்கு அருகில் துள்ளியது என்று பிள்ளைகளுக்குள் சண்டை. ஊர் முழுவதையும் பஸ்ஸில் ஏற்றி, பாட்டும் போட்டுக்கொண்டு போகிற சுற்றுலா வேறு. அதற்குக் கதிர்காமம் இருக்கிறது.

2. காலம் பார்த்துப் போங்கள். கார்த்திகை நடுப்பகுதி தொடங்கிச் சித்திரை வரைக்கும் அந்தப் பக்கக் கடல் அடங்கிக் கிடக்கும். சோளகம் எழும்பினால் கதை முடிந்தது. வைகாசி தொடங்கி ஐப்பசி வரை கற்பிட்டிக்கு வருகிறவர்கள் பட்டம் கட்டிப் பலகையில் ஓடுகிற வெளிநாட்டுக்காரர்தான். அந்த மாதங்களில் "கொண்டுபோய்க் காட்டுறன்" என்று யாராவது சொன்னால் நம்பிப் புறப்படாதீர்கள். மார்கழிப் பள்ளி விடுமுறையும் சித்திரை விடுமுறையும் எங்களுக்கு வசதி. பங்குனி, சித்திரையில் அதிர்ஷ்டம் இருந்தால் திமிங்கிலமும் தென்படும்.

3. போயா தினத்தையும் அதோடு ஒட்டிய வாரக் கடைசியையும் தவிருங்கள். கொழும்பிலிருந்து வருகிறவர்களால் கரை நிறைந்துவிடும். மார்ச் மாதத்தில் தலவில புனித அன்னம்மாள் திருவிழாவும் வருகிறது. திருவிழாவுக்கென்றே போகிற கத்தோலிக்கக் குடும்பங்களுக்கு அது நல்ல வாய்ப்பு. ஒரே பயணத்தில் இரண்டையும் பார்க்கலாம். மற்றவர்களுக்கு அந்த நாட்களில் அறை கிடைப்பதே பெரும்பாடு.

4. பாதை: ஏ-9 இல் வவுனியா, மதவாச்சி கடந்து அனுராதபுரம், அங்கிருந்து ஏ-12 இல் புத்தளம், பிறகு பாலாவிச் சந்தியில் வலப்பக்கம் திரும்பினால் கற்பிட்டி வீதி. முந்நூறு கிலோமீற்றருக்கு மேல் வரும். மன்னார், சிலாவத்துறை வழியாகக் குறுக்கே போகலாம் என்று தொலைபேசியில் உள்ள வரைபடம் ஆசை காட்டும். அது வில்பத்துக் காட்டுக்குள்ளால் போகும் பாதை. வழக்கும் சர்ச்சையும் உள்ள பாதை. திறந்திருக்கிறதா என்று விசாரிக்காமல் வானைத் திருப்ப வேண்டாம். பாலாவி தாண்டி இருட்டிவிட்டால் மெதுவாக ஓட்டச் சொல்லுங்கள். மன்னாரில் போலவே அங்கேயும் கழுதைகள் வீதியில் நிற்கும், வெளிச்சம் அடித்தாலும் விலகாது.

5. மொழிக்குக் கவலை வேண்டாம். கற்பிட்டியில் தமிழ் பேசி எல்லாம் வாங்கலாம். 1990 ஐப்பசிக் கடைசியில் யாழ்ப்பாணத்திலிருந்து புலிகளால் வெளியேற்றப்பட்ட முஸ்லிம் குடும்பங்களில் பெரும்பகுதி புத்தளம், கற்பிட்டிப் பக்கம்தான் போய்ச் சேர்ந்தது. தேநீர்க் கடையில் "எந்த இடம்?" என்று கேட்பவர் ஐந்து சந்தியையும் சோனகதெருவையும் உங்களைவிட நன்றாக அறிந்தவராக இருக்கலாம். அவசரப்படாமல் இருந்து கதையுங்கள். நல்ல படகுக்காரர் யார் என்பதும் அங்கேயே தெரியவரும்.

6. படகைப் பார்த்துப் பேசாதீர்கள், ஓட்டியைப் பார்த்துப் பேசுங்கள். இந்தப் பட்டியலில் ஒன்றை மட்டும்தான் கடைப்பிடிக்க முடியும் என்றால் இதைக் கடைப்பிடியுங்கள். கற்பிட்டிக் கடலில் பெரிய கூட்டமாகக் காணப்படுவது சுழல் டொல்பின். தண்ணீருக்கு மேலே எழும்பித் தன்னையே சுற்றிக்கொண்டு விழும். அது இரவில் ஆழத்துக்குப் போய் கணவாயும் சிறு மீனும் தின்றுவிட்டு, பகலில் ஓய்வெடுக்கிற பிராணி. நாங்கள் போய்ச் சேருவது அதன் தூக்க நேரத்தில். கூட்டத்தின் நடுவே வேகமாக ஓட்டிக் கலைத்தால், அது துள்ளுவதைப் பார்த்து நாங்கள் கை தட்டுவோம், அதற்கோ அன்றைய ஓய்வு போய்விடும். ஹவாய்த் தீவுகளில் இதே இனத்துக்கு ஐம்பது யார் தூரத்துக்குள் போகக் கூடாது என்று 2021 இல் சட்டமே போட்டார்கள். எங்கள் நாட்டிலும் கடல் பாலூட்டிகளைப் பார்க்கப் போகும் படகுகளுக்கு 2012 இல் தனி ஒழுங்குவிதிகள் வந்தன. கடதாசியில் இருப்பது கடலில் இருக்கிறதா என்பது ஓட்டியின் கையில்.

ஆகவே முதல்நாள் பின்னேரமே கரைக்குப் போய் அவரிடம் ஒரு கேள்வி கேளுங்கள்: "கூட்டத்தைக் கண்டால் என்ன செய்வீங்கள், அண்ணை?" "கிட்டக் கொண்டுபோய் விடுவன், தொட்டே பார்க்கலாம்" என்று சொன்னால் நன்றி சொல்லிவிட்டு அடுத்தவரிடம் போங்கள். "எஞ்சினைக் குறைச்சு ஒரு பக்கமா ஓடுவன், விருப்பமெண்டா அதுகளே வரும்" என்கிறவரைப் பிடியுங்கள். சொன்னபடி அவை வரத்தான் செய்யும்; படகின் முன்னணியத்தில் தள்ளுகிற தண்ணீரில் ஏறி ஓடுவது அவற்றுக்குப் பிடித்த விளையாட்டு.

7. காசு படகுக்கா, ஆளுக்கா? எத்தனை மணித்தியாலம்? எண்ணெய், உயிர்காப்பு அங்கி எல்லாம் சேர்த்தா? இந்த மூன்றையும் கரையிலேயே தீர்த்துவிடுங்கள். டொல்பின் தென்படாவிட்டால் காசு திரும்பாது. அது நியாயம்தான், கடலுக்கு யாரும் உத்தரவாதம் கொடுக்க முடியாது.

8. வயிறு. வெறும் வயிற்றோடும் ஏறக்கூடாது, நிறைந்த வயிற்றோடும் ஏறக்கூடாது. பிட்டும் சம்பலும் வெட்டிவிட்டு ஏறுகிறவர் அரை மணித்தியாலத்தில் படகின் விளிம்பைப் பிடித்துக்கொண்டிருப்பார். இரண்டு துண்டுப் பாண், ஒரு வாழைப்பழம், பால் விடாத இஞ்சித் தேத்தண்ணி போதும். பயணத்தில் தலை சுற்றுகிற ஆட்கள் மருந்தகத்தில் கேட்டு, படகேற ஒரு மணித்தியாலத்துக்கு முன்னரே குளிசை போட வேண்டும். சத்தி வரத் தொடங்கிய பிறகு போட்டுப் பயனில்லை. பிள்ளைகளுக்கு வைத்தியரைக் கேட்காமல் கொடுக்க வேண்டாம். பின் பக்கமாக உட்கார்ந்து தொடுவானத்தைப் பாருங்கள். தொலைபேசியைக் குனிந்து பார்ப்பவருக்குத்தான் முதலில் பிரட்டும். திரும்பி வரும்போது கடிக்க புழுக்கொடியலும் பனங்கட்டியும் கொண்டு போங்கள்; ஈரம் படாமல் பொதிந்து வைத்தால் பழுதாகாது, கொஞ்சம் தின்றாலே பசி அடங்கும்.

9. உயிர்காப்பு அங்கியைக் கரையிலேயே போட்டுப் பாருங்கள், சிறுவர் அளவு இருக்கிறதா என்று கேளுங்கள். பெரியவர்களின் அங்கியைப் பிள்ளைக்கு மாட்டினால் விழுந்தவுடன் அது தலை வழியே கழன்றுவிடும். கர்ப்பிணிகளும் முதுகு வருத்தக்காரரும் கரையில் நிற்பது நல்லது. அலையில் படகு தூக்கித் தூக்கி அடிக்கும். படகில் கழிப்பறை இல்லை, மூன்று மணித்தியாலம் ஆகும். வயதானவர்களுக்கு இதை முதலிலேயே சொல்லிவிடுங்கள்.

10. சேலை, வேட்டி வேண்டாம். முழுக்கை வைத்த பழைய பருத்திச் சட்டை, நாடி வரை கயிறு கட்டிய தொப்பி. மூக்குக் கண்ணாடிக்கும் நூல் கட்டுங்கள். தொலைபேசியை வாய் இறுக்கிய பொலித்தீன் உறையில் போட்டு, உறைக்குள்ளிருந்தபடியே படம் எடுக்கலாம். நிழற்படத்தைவிட வீடியோ நல்லது, ஏனென்றால் டொல்பின் துள்ளி முடிந்த பிறகுதான் விரல் பொத்தானை அமத்தும்.

11. காலை ஆறு மணியளவில் புறப்படுங்கள், வெயில் ஏறினால் காற்றும் ஏறும். வெளியே போனதும் தண்ணீரைப் பார்க்காதீர்கள், வானத்தைப் பாருங்கள். ஆலாப் பறவைகள் ஓரிடத்தில் கூடி இறங்கி ஏறினால் கீழே மீன் கூட்டம் இருக்கும், டொல்பினும் இருக்கக்கூடும். முதலில் கண்டு சொல்கிற பிள்ளைக்கு ஒரு பரிசு என்று வைத்தால், தூங்கி வழிகிறதுகளும் விழித்துக்கொள்ளும். கண்ட பிறகு கூக்குரல், விசில், தின்பண்டம் எறிதல், தண்ணீரில் குதித்தல் ஒன்றும் வேண்டாம்.

12. களப்பு டொல்பின் பற்றித் தனியாகச் சொல்ல வேண்டும். கலா ஓயாவும் மீ ஓயாவும் வந்து விழுகிற புத்தளம் களப்பில் திமில் டொல்பின் சிறு சிறு கூட்டமாக வாழ்கிறது. உலகளவில் அழிவை எதிர்நோக்கும் இனம். முதுகில் மேடும் அதன்மேல் சின்னச் செட்டையும் இருப்பதால்தான் அந்தப் பெயர். இது துள்ளி வித்தை காட்டாது. மூச்சுவிட மேலே வரும், முதுகு வளையும், போய்விடும். வெளிக்கடலில் பார்த்துவிட்டு வந்தவர்களுக்கு இது சப்பென்று இருக்கும். எனக்கு இதுதான் பெரிது. ஆழமில்லாத தண்ணீரில், வலைகளுக்கும் எஞ்சின் சத்தத்துக்கும் நடுவில், கரையில் எங்கள் ஆட்கள் இறால் வளர்த்தும் உப்பு விளைவித்தும் கொண்டிருக்க, இன்னும் அது இருக்கிறதே. கண்டல் மரங்களைப் பார்க்கவென்று மாலையில் ஒரு களப்புப் படகு பிடியுங்கள். திமில் டொல்பின் வந்தால் வரட்டும். வராவிட்டால் கொக்கும் நாரையும் பார்த்துத் திரும்பலாம்.

13. டொல்பின் இறைச்சி, கருவாடு என்று யாராவது இரகசியமாக நீட்டினால் வாங்காதீர்கள். பிடிப்பதும் விற்பதும் வைத்திருப்பதும் வன சீவராசிகள் சட்டப்படி குற்றம்.

14. மத்தியானத்துக்குக் கோட்டை. யாழ்ப்பாணக் கோட்டையை 1658 இல் பிடித்த ஒல்லாந்தர் ஒன்பது வருடம் கழித்து, 1667 இல் கற்பிட்டிக் கோட்டையைக் கட்டத் தொடங்கினார்கள். கடற்படை உள்ளே இருக்கிறது, எனவே அடையாள அட்டை இல்லாமல் போகாதீர்கள். வரும் வழியில் தோட்டங்களைப் பார்த்தால் வண்டியை நிறுத்தச் சொல்வீர்கள்: மணலில் கிணறு வெட்டி இறைத்து வெங்காயமும் மிளகாயும் போட்டிருப்பார்கள். உரம் போடுவதிலும் எங்களுக்குச் சளைத்தவர்கள் அல்ல. அதனால் கிணற்றுத் தண்ணீரில் நைத்திரேற்றுப் பிரச்சினை அங்கேயும் உண்டு. குடிக்கப் போத்தல் தண்ணீர் வைத்திருங்கள்.

15. உப்புத் தண்ணீர் பட்ட உடுப்பை நேரே சவர்க்காரத்தில் போடக் கூடாது, நுரை வராது. முதலில் நல்ல தண்ணீரில் ஊறவைத்து இரண்டு முறை அலசுங்கள். மூக்குக் கண்ணாடி, கமெராக் கண்ணாடியை உலர்ந்த துணியால் துடைத்தால் உப்புப் பொருக்குக் கீறிவிடும். நல்ல தண்ணீரில் நனைத்துப் பிழிந்த துணியால் ஒற்றி எடுத்த பிறகே துடைக்க வேண்டும். செருப்பின் தோல் வாருக்கும் அதே வைத்தியம்.

16. ஆற்று டொல்பினையே பார்க்க வேண்டும் என்று வீட்டில் யாராவது அடம் பிடித்தால், காசி யாத்திரைக்குப் போகும் பெரியவர்களோடு அனுப்பிவிடுங்கள். கங்கை டொல்பினுக்குக் கண் அநேகமாகத் தெரியாது, சத்தத்தை எழுப்பி எதிரொலியால் வழி பார்க்கிறது. இந்தியா 2009 இல் அதைத் தேசிய நீர்வாழ் விலங்காக அறிவித்தது. 2025 மார்ச்சில் வெளியிட்ட கணக்கெடுப்பில், சிந்து இனத்தின் மூன்றையும் சேர்த்து 6,327 என்று வந்தது. சீனாவின் யாங்சி ஆற்றில் 2006 இல் தேடிப் போனவர்களுக்கு அந்த ஆற்று இனத்தில் ஒன்றுகூடத் தென்படவில்லை என்பதை நினைத்தால் இது சின்ன எண் அல்ல. பீகாரில் சுல்தான்கஞ்ச் தொடங்கிக் கஹல்காவ் வரை 1991 இலிருந்து அதற்கென்றே விக்கிரமசீலச் சரணாலயம் இருக்கிறது. அவ்வளவு தூரம் போக முடியாதவர்கள் காசிக்கு அண்மையில் கைதி என்ற ஊருக்குப் போகலாம். கோமதி ஆறு கங்கையில் சேருகிற இடம், பக்கத்தில் மார்க்கண்டேய மகாதேவர் கோயில். கோயிலைக் கும்பிட்டுவிட்டு, துடுப்புப் படகு பிடித்து, விடிகாலையில் சங்கமத்தில் நில்லுங்கள். அது ஒரு விநாடிதான் மேலே வரும், அதனால் கமெராவை வானிலேயே விட்டுவிட்டுப் போகலாம்.