ஐந்தாவது இடம்

அன்புள்ள பாப்பாவுக்கு,

சித்தி எழுதுவது. மெடிக்கல் கோடிங்கில் உன்னை இ.என்.டி. டீமுக்கு மாற்றிய முதல் வாரமே ஓட்டோஸ்கிளிரோசிஸ் சார்ட்டுகளில் இரண்டு பிழை வந்துவிட்டது என்று நேற்றிரவு போனில் அழுதாய். ஆறுதல் சொல்லி வைத்துவிட்டேன். பிறகு உன் இரண்டு சார்ட்டையும் மனதில் போட்டுப் புரட்டிக்கொண்டே இருந்தேன். ஒன்று உன் தப்பு. இன்னொன்று தப்பே இல்லை.

முதலில் கோடு எண்ணை ஓரமாக வைத்துவிட்டு எலும்பைப் பார். சுத்தி, பட்டடை, அங்கவடி என்று பள்ளியில் படித்தாயே, அந்த அங்கவடிதான் நம் உடம்பிலேயே சின்ன எலும்பு. உயரம் சுமார் 3 மில்லிமீட்டர். நாளைக்கு அரிசி களையும்போது ஒரு சீரகச் சம்பா மணியை விரல் நுனியில் வைத்துப் பார், ஏறக்குறைய அவ்வளவுதான். அதன் அடித்தட்டு ஓவல் விண்டோ என்கிற சின்ன ஜன்னலில் உட்கார்ந்து, சத்தம் வரும்போதெல்லாம் அசைந்து அதிர்வை உட்காதுக்குள் தள்ளுகிறது. ஜன்னலைச் சுற்றியுள்ள எலும்பு கரைந்து, மறுபடி தாறுமாறாக வளர்ந்து, அந்தத் தட்டை இறுகப் பிடித்துக்கொண்டால் காது மந்தமாகிவிடும். அதுதான் ஓட்டோஸ்கிளிரோசிஸ். அங்கவடி நடுக்காதில் இருக்க, இந்த நோயின் கோடான ஹெச்80 ஏன் உட்காது நோய்களின் வரிசையில் வருகிறது என்று கேட்டாய். நோய் தொடங்குவது உட்காதைப் போர்த்தியிருக்கும் எலும்புக் கூட்டில். அங்கவடி அதில் மாட்டிக்கொள்கிறது.

இது புரிந்தால் ஹெச்80-இன் நான்காவது இடத்தை மனப்பாடம் செய்ய வேண்டாம். ஜன்னல் அடைபடாமல் இருந்தால் 0, அடைத்தேவிட்டால் 1, காக்ளியர், ஓட்டிக் காப்ஸ்யூல், ரவுண்டு விண்டோ என்று எழுதியிருந்தால் 2. வேறு வகைக்கு 8, வகை சொல்லாவிட்டால் 9. ஐந்தாவது இடம் காது. 1 வலது, 2 இடது, 3 இரண்டும், 0 எந்தக் காது என்று தெரியவில்லை.

அந்த 0-வைக் கண்டால் எனக்கு இன்றும் உறுத்தும். அமெரிக்கா 2015 அக்டோபர் 1-இல் ஐசிடி-10-க்கு மாறும்வரை அந்த நாட்டுச் சார்ட்டுகளுக்கு நாங்கள் பழைய கோடான 387 போட்டுக்கொண்டிருந்தோம். எந்தக் காது என்று அந்தக் கோடு கேட்டதே இல்லை. மாறிய புதிதில் பழைய பழக்கத்தில் எத்தனையோ 0 போட்டிருக்கிறேன். முதல் பக்கத்தில் காது எழுதியிருக்காது, ஆனால் அதே டாக்டர் பரிசோதனைக் குறிப்பில் 'இடது' என்று தெளிவாக எழுதியிருப்பார். புரட்டிப் பார்க்க அரை நிமிடம் போதும். டார்கெட் அந்த அரை நிமிடத்தைத் தின்றுவிட்டது.

இப்போது உன் தப்புக்கு வருகிறேன். அவுட்பேஷண்ட் சார்ட். டாக்டர் எழுதியது 'ப்ராபபிள் ஓட்டோஸ்கிளிரோசிஸ்', இடது காது. நீ ஹெச்80.92 போட்டாய். ப்ராபபிள், சஸ்பெக்டட், ரூல் அவுட் எது இருந்தாலும் அவுட்பேஷண்டில் அந்த நோயைக் கோடு செய்யக் கூடாது. உறுதியாகத் தெரிந்ததை மட்டும் போடு. இங்கே அது கண்டக்டிவ் காது மந்தம், வலது காது நன்றாகக் கேட்கிறது, ஆகவே ஹெச்90.12. (இன்பேஷண்ட் டிஸ்சார்ஜில் விதி வேறு. குழப்பிக்கொள்ளாதே.)

இதே தப்பை நானும் செய்தேன். ஆடிட்டில் திரும்பி வந்தபோது, 'எல்லா அறிகுறியும் இருக்கிறதே' என்று கோபப்பட்டேன். சில மாதம் கழித்து அதே நோயாளியின் சார்ட் என் வரிசையிலேயே வந்தது. சி.டி. எடுத்திருந்தார்கள். அங்கவடியில் ஒரு கோளாறும் இல்லை. உட்காதின் அரைவட்டக் குழாயை மூடியிருக்க வேண்டிய எலும்பில் ஓட்டை. ஆடியோகிராமில் இரண்டும் ஒன்றுபோலவே தெரியுமாம். அங்கவடி ஆபரேஷன் செய்திருந்தாலும் அவருக்குக் காது கேட்டிருக்காது. சென்னையில் உட்கார்ந்துகொண்டு, முகம் தெரியாத ஒருவருக்கு இல்லாத நோயை அவருடைய ரெக்கார்டில் நான் எழுதி வைத்திருந்தேன். அன்று மத்தியானம் சாப்பாடு இறங்கவில்லை.

இன்னொரு பள்ளம் உன் வழியில் வரும். ஆபரேஷன் குறிப்பில் 'ஸ்டேப்பிஸ் ஃபிக்ஸ்டு' என்று மட்டும் இருந்தால் கை தானாக ஹெச்80-க்குப் போகும். போகவிடாதே. டிம்பனோஸ்கிளிரோசிஸ் என்ற வேறு நோயிலும் அங்கவடி இறுகும், வெறும் இறுக்கத்துக்கு ஹெச்74.31 தனியே இருக்கிறது. டாக்டருக்குக் குவெரி போடு. 'இது ஓட்டோஸ்கிளிரோசிஸ்தானே?' என்று பதிலை நீயே ஊட்டிக் கேட்காதே. 'அங்கவடி அசையாததற்குக் காரணம் என்ன என்று குறிப்பிட முடியுமா?' என்று கேள்.

இனி இரண்டாவது சார்ட். இரண்டு காதிலும் நோய், இந்த முறை வலது காதுக்கு மட்டும் ஆபரேஷன். நீ ஹெச்80.03 போட்டு, அங்கவடி ஆபரேஷன் கோடான 69660-க்கு வலது என்று காட்டும் ஆர்டி மாடிஃபையர் கொடுத்தாய். ஆடிட்டர் ஹெச்80.01 என்று திருத்தினார். நீ போட்டதுதான் சரி. கோடிங் கைட்லைனில் பகுதி 1, பி, 13-ஐ எடுத்துப் படி. இரு பக்க நோய்க்கு ஒரு பக்கமாகச் சிகிச்சை நடந்தால், முதல் ஆபரேஷனுக்கு இரு பக்கக் கோடுதான். அந்த வலது காது குணமாகி, பிறகு இடது காதுக்கு வரும்போதுதான் ஹெச்80.02. எந்தக் காதைத் தொட்டார்கள் என்பதைச் சொல்ல மாடிஃபையர் இருக்கிறது. நோய் எத்தனை காதில் என்பதைக் கோடு சொல்லட்டும்.

அழுதுகொண்டே அந்தப் பிழையையும் ஒத்துக்கொண்டுவிடாதே. ஆடிட்டருக்கு ரிபட்டல், அதாவது மறுப்பு, எழுது. கோபமாக வேண்டாம், பத்தியை அப்படியே காட்டி இரண்டே வரி போதும். முதல் பிழைக்குச் சரி என்று எழுதிவிடு. ரிபட்டலுக்குக் கெடு இருக்கும், நாளைக்கு ஷிஃப்ட் தொடங்கியதும் அதுதான் முதல் வேலை. அனுப்பிவிட்டு எனக்கு ஒரு போன் பண்ணு.

அன்புடன்,
சித்தி