ஈரோட்டு மண்டியும் ஈ.வெ.ரா.வும்

நம் சங்கத்தின் ஞாயிறு தமிழ் வகுப்பில் பெரியாரைப் பற்றிய பாடம் நடந்து கொண்டிருந்தது. "மண்டி வைத்திருந்தார்" என்ற வரி வந்ததும் ஒரு சிறுவன் எழுந்து, "காய்கறிக் கடையா மாமா?" என்று கேட்டான். அவன் கேட்டதில் தவறில்லை. இந்த ஊரில் பிறந்து வளரும் பிள்ளைகளுக்கு மண்டி என்றால் காய்கறிச் சந்தைதான். நம் ஊர்ப்பக்கம் மண்டி என்பது மொத்த வியாபாரக் கடை. சரக்கு மூட்டை மூட்டையாக வந்து இறங்கும், ஏலம் போகும், தரகும் கணக்கும் அங்கேயே தீரும். பெரியார் என்று நாடு அறிந்த மனிதர் உருவானது அப்படிப்பட்ட ஒரு கடையில். ஆகவே பாடத்தை அங்கிருந்தே தொடங்கினேன்.

அவருடைய தந்தை வெங்கட்ட நாயக்கர் பரம்பரைச் செல்வந்தர் அல்லர். கூலி வேலையில் தொடங்கி, வண்டி ஓட்டி, சிறு மளிகைக் கடை வைத்து, பிறகு மண்டிக்காரராக உயர்ந்தவர். வீட்டில் பேசிய மொழி கன்னடம். (நம் வீடுகளில் இரண்டு மூன்று மொழிகள் கலந்து ஒலிப்பதை எண்ணிக் கவலைப்படும் பெற்றோர்கள் இதைக் கவனிக்கலாம்.) 1879 செப்டம்பர் 17ஆம் தேதி பிறந்த ராமசாமிக்குப் பள்ளிப் படிப்பு பத்து வயதோடு முடிந்தது. பன்னிரண்டு வயதில் கடைக்கு வந்தார். மூட்டைகளுக்கு விலாசம் போடுவதும் சரக்கை ஏலம் கூறுவதும் அவர் வேலை. ஓய்வு நேரத்தில், வீட்டுக்கு வரும் பாகவதர்களையும் பண்டிதர்களையும் மடக்கி மடக்கிக் கேள்வி கேட்பார்.

ஏலம் கூறுகிறவனுக்குக் குரல் வேண்டும். கூட்டத்தின் முகம் படிக்கத் தெரிய வேண்டும். எதிரே நிற்பவன் எதற்கு இணங்குவான், எதற்கு இணங்க மாட்டான் என்று நொடியில் கணிக்க வேண்டும். பின்னாளில் மேடையில் மணிக்கணக்காக, பாமரருக்கும் புரியும் தமிழில் பேசிய அந்தப் பேச்சுக்கு மண்டியே பள்ளிக்கூடம் என்பது என் எண்ணம்.

சுமார் 1904இல் வீட்டில் மனத்தாங்கல் கொண்டு துறவியைப் போலக் காசிக்குப் போனார். சத்திரத்தில் சாதி பார்த்து உணவு மறுக்கப்பட்டது. எச்சில் இலைச் சோற்றால் பசியாறினார். இதை அவரே பலமுறை சொல்லியிருக்கிறார். திரும்பி வந்த மகனைத் தந்தை கடிந்து கொள்ளவில்லை. கடையின் பெயரையே மகன் பெயருக்கு மாற்றி வைத்தார். ஒரு வியாபாரி தன் மகனுக்குத் தரக்கூடிய பெரிய மரியாதை அதுதான்.

அதன்பின் ஊர்ப் பொறுப்புகள் தேடி வந்தன. ஈரோட்டில் பிளேக் பரவியபோது, பிறர் தொட அஞ்சிய பிணங்களை அகற்றும் வேலையில் இறங்கினார். நகராட்சித் தலைவரான பிறகு காவிரித் தண்ணீரைக் குழாய் வழியாக ஊருக்குக் கொண்டு வரும் திட்டத்தை நடத்திக் காட்டினார். அக்காலத்தில் சேலம் நகராட்சித் தலைவராக இருந்த ராஜாஜியின் நட்பு அவரைக் காங்கிரசுக்கு இழுத்தது. 1919இல் அவர் துறந்த பொதுப் பதவிகள் இருபத்தொன்பது என்பார்கள். வியாபாரத்தையும் விட்டார்.

இந்த இடத்தில் வகுப்பில் ஒரு பெண், "கடையை விட்டது நஷ்டம் இல்லையா?" என்று கேட்டாள். நஷ்டந்தான். கள் ஒழிப்புக்காகத் தம் சொந்தத் தோப்பிலிருந்த ஐந்நூறுக்கும் மேற்பட்ட தென்னை மரங்களை வெட்டச் செய்தார். அவர் மறியலில் சிறை சென்றதும், மனைவி நாகம்மையாரும் தங்கை கண்ணம்மாளும் மறியலைத் தொடர்ந்தார்கள். வசதியான வீட்டுப் பெண்கள் தெருவுக்கு வந்து நின்றது அந்நாளில் சாதாரணச் செய்தி அல்ல. மாகாணக் காங்கிரசின் செயலாளராகவும் தலைவராகவும் இருந்தவர் கதர் மூட்டையைத் தோளில் சுமந்து ஊர் ஊராக விற்றார். மூட்டை அவருக்குப் பழகிய சுமைதானே!

1924இல் திருவிதாங்கூரின் வைக்கத்தில், கோயிலைச் சுற்றியுள்ள தெருக்களில் ஒடுக்கப்பட்டோர் நடக்க உரிமை கேட்டுப் போராட்டம் எழுந்தது. அங்குள்ள தலைவர்கள் சிறையிலிருந்து அழைத்ததன் பேரில் சென்று, இருமுறை சிறைப்பட்டார். நாகம்மையாரும் அங்கே சென்று பிரசாரம் செய்தார்.

அவருடைய வாழ்க்கையின் திருப்பம் ஒரு கணக்கு வழக்கில் வந்தது என்பதைப் பலர் கவனிப்பதில்லை. சேரன்மாதேவியில் வ.வே.சு. ஐயர் நடத்திய குருகுலத்துக்குக் காங்கிரஸ் பத்தாயிரம் ரூபாய் தர ஒப்புக்கொண்டு, ஐயாயிரம் கொடுத்திருந்தது. அங்கே பிராமணப் பிள்ளைகளுக்குத் தனிப்பந்தி என்று தெரிந்தது. ஊரார் எல்லோரும் கொடுத்த பணம். அதில் உண்ணும் பிள்ளைகளுக்குள் எப்படிப் பேதம் பார்க்கலாம்? செயலாளரான ராமசாமியார் மீதி ஐயாயிரத்தை நிறுத்தினார். அது அவருக்குத் தெரியாமலே மற்றொரு செயலாளர் மூலம் வழங்கப்பட்டுவிட்டது. ஐயர் நாட்டுக்காகத் துன்பப்பட்ட பெரிய தேசபக்தர், தமிழறிஞர். அவர் மீது நமக்கு மதிப்பு உண்டு. ஆனால் இந்த ஒன்றில் மண்டிக்காரரின் கேள்விக்குச் சரியான பதில் அன்று கிடைக்கவில்லை என்றே சொல்ல வேண்டும்.

1925 நவம்பரில் காஞ்சிபுரம் மாநாட்டில் வகுப்புவாரி உரிமைத் தீர்மானத்துக்கு இடம் மறுக்கப்பட்டதும் காங்கிரசை விட்டு வெளியேறினார். அதன் பிறகான சுயமரியாதை இயக்கமும் திராவிடர் கழகமும் தனிப் பாடங்கள். அவருடைய கடவுள் மறுப்பை ஏற்காதவர்கள் நம் சங்கத்திலேயே நிறையப் பேர். அந்த வாதத்தை வகுப்பில் நான் தொடவில்லை.

1940இலும் 1942இலும் சென்னை மாகாணத்தின் முதலமைச்சர் பொறுப்பு தேடி வந்தபோது அவர் ஏற்கவில்லை. மண்டிப் பழக்கம் மட்டும் கடைசிவரை போகவில்லை. கையெழுத்துக் கேட்டால் காசு. உடன் நின்று படம் எடுத்தால் காசு. குழந்தைக்குப் பெயர் வைத்தால் காசு. கஞ்சர் என்று கேலி பேசினார்கள். அவர் அந்தக் காசையெல்லாம் இயக்கத்தின் கணக்கில் வரவு வைத்தார். 1965இல் திருச்சியில் அரசு கல்லூரி தொடங்கப் பெருந்தொகை கொடுத்தவரும் அதே மனிதர்தான்.

இதைக் கேட்டதும் முதலில் கேள்வி கேட்ட சிறுவன், "என் நோட்டில் கையெழுத்துப் போட அவர் எவ்வளவு கேட்டிருப்பார்?" என்றான்.