தவணையைத் தவறவிட்டால்

நெல் விற்றவருக்குக் காசோலை கிடைக்கிறது. கணக்கில் பணமில்லையென வங்கி அதைத் திருப்பிவிடுகிறது. இந்தியாவில் 1989 ஏப்ரல் முதல் இது குற்றம். மாற்றுமுறை ஆவணச் சட்டத்தின் 138ஆம் பிரிவு அவ்வாறு கூறுகிறது. வங்கி தெரிவித்த 30 நாட்களுக்குள் எழுத்தில் அறிவித்தல் அனுப்ப வேண்டும். அது கிடைத்து 15 நாட்களில் பணம் வராவிட்டால், அடுத்த ஒரு மாதத்துக்குள் வழக்கிடலாம்.

இவ்வளவும் செய்தவர் தவணைக்குப் போகாவிட்டால் என்ன நடக்கும்? நீதவான் எதிரியை விடுதலை செய்யலாம். கடன் இல்லையென்று அதற்குப் பொருளில்லை. ஆயினும் அதே குற்றத்துக்கு மீண்டும் வழக்கிட முடியாது. மேன்முறையீடே செய்ய வேண்டும்.

எனினும் ஒருநாள் வராமை மட்டும் போதாது. அன்று முறைப்பாட்டாளரின் வருகை அவசியந்தானா என நீதவான் ஆராய வேண்டுமென்று 1997இல் இந்திய உச்ச நீதிமன்றம் கூறியது. 2024 யூலை 1 முதல் நடைமுறையிலுள்ள புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின்படி, விடுதலைக்கு முன் அவருக்கு 30 நாள் அவகாசமும் கொடுக்க வேண்டும்.

இதிலிருந்து நாம் கற்பது என்ன? உண்மையான கடனும் வராமையால் தோற்கலாம். தவணைத் திகதியைக் குறித்து வைப்போம். இடம் மாறினால் புதிய முகவரியைச் சட்டத்தரணிக்கு உடனே அறிவிப்போம். போக முடியாவிட்டால் காரணத்தை முன்கூட்டியே மன்றுக்குத் தெரிவிப்போம்.