மீண்டும் களமிறங்கிய அணி

விளையாட்டு அணி ஒன்றின் சிறப்பை அது பெற்ற வெற்றிகளின் எண்ணிக்கையைக் கொண்டே பலரும் அளவிடுவர். அமெரிக்காவின் மார்ஷல் பல்கலைக்கழகக் காற்பந்து அணி, 1971ஆம் ஆண்டுப் போட்டிப் பருவத்தில் பத்து ஆட்டங்களில் விளையாடியது. அவற்றுள் இரண்டில் மட்டுமே வென்றது, எட்டில் தோற்றது. ஆயினும், அப்பருவம் அப்பல்கலைக்கழகத்தில் இன்றளவும் பெருமையுடன் நினைவுகூரப்படுகிறது. முந்தைய ஆண்டு நிகழ்ந்த பேரிழப்பை அறிந்தால்தான் அதன் காரணம் புரியும்.

அமெரிக்கக் காற்பந்து நாம் அறிந்த காற்பந்திலிருந்து வேறுபட்டது. ரக்பி ஆட்டத்தை ஓரளவு ஒத்தது. ஒவ்வோர் அணியிலும் 11 பேர் களத்தில் இருப்பர். முட்டை வடிவப் பந்தை ஏந்தி ஓடியும் எறிந்தும் எதிரணியின் எல்லையை நோக்கி முன்னேறுவர். நான்கு முயற்சிகளுக்குள் பத்து கஜம், அதாவது ஏறத்தாழ ஒன்பது மீட்டர், முன்னேற வேண்டும். எல்லைக்கோட்டுக்கு அப்பால் பந்தைக் கொண்டு சேர்ப்பது ‘டச்டவுன்’ எனப்படும். அதற்கு ஆறு புள்ளிகள் கிடைக்கும். தாக்குவதற்கு ஒரு குழுவும் தடுப்பதற்கு வேறொரு குழுவும் களமிறங்குவதால், ஓர் அணிக்குப் பல ஆட்டக்காரர்கள் தேவைப்படுவர்.

மார்ஷல் பல்கலைக்கழகம் மேற்கு வர்ஜீனியா மாநிலத்தின் ஹண்டிங்டன் நகரில், ஓஹாயோ ஆற்றை ஒட்டி அமைந்துள்ளது. 1970ஆம் ஆண்டு நவம்பர் 14ஆம் நாள், அதன் அணி வட கரோலினாவில் நடைபெற்ற ஆட்டத்தில் 17-14 என்ற புள்ளிக் கணக்கில் தோற்று, விமானத்தில் ஊர் திரும்பிக்கொண்டிருந்தது. மழையும் மூடுபனியும் சூழ்ந்த அவ்விரவில், ஓடுபாதையை அடைவதற்குச் சற்று முன்னர் விமானம் குன்றின் மீதிருந்த மரங்களில் மோதி விழுந்து தீப்பற்றியது. அதிலிருந்த 75 பேரும் உயிரிழந்தனர். அவர்களுள் 37 பேர் ஆட்டக்காரர்கள். எண்மர் பயிற்றுநர் குழுவினர். 25 பேர் அணியின் ஆதரவாளர்கள். அந்த ஆதரவாளர்களுள் நகரின் மருத்துவர்களும் மக்கள் பிரதிநிதிகளும் இருந்தனர். பல பிள்ளைகள் ஒரே இரவில் தாய் தந்தை இருவரையும் இழந்தனர்.

துயரத்தில் மூழ்கிய நகரத்தின் முன் ஒரு கடினமான கேள்வி எழுந்தது. இனியும் காற்பந்து அணி தேவையா? அணியைக் கலைத்துவிடலாம் என்ற எண்ணம் சிலரிடம் இருந்தது. இறந்தோரின் இடத்தில் வேறு சிலர் நின்று விளையாடுவதைக் காண்பது எளிதன்று. மறுபுறம், அணியைக் கைவிட்டால் இறந்தோர் நேசித்த ஒன்றும் அவர்களோடு மறைந்துவிடும் என மற்றவர்கள் வாதிட்டனர். முடிவில், அணியை மீண்டும் உருவாக்கப் பல்கலைக்கழகம் தீர்மானித்தது.

1971ஆம் ஆண்டு மார்ச் மாதத்தில் ஜாக் லெங்கியல் தலைமைப் பயிற்றுநராகப் பொறுப்பேற்றார். முந்தைய முதன்மை அணியில் எஞ்சியிருந்தவர்கள் மிகச் சிலரே. காயம் காரணமாக அந்தப் பயணத்தில் இடம்பெறாத நேட் ரஃபின் அவர்களுள் ஒருவர். அக்காலத்தில் முதலாம் ஆண்டு மாணவர்கள் முதன்மை அணியில் விளையாட விதிமுறை இடமளிக்கவில்லை. மார்ஷலின் நிலையைக் கருதி, தேசியக் கல்லூரி விளையாட்டுச் சங்கம் அவ்விதியைத் தளர்த்தியது. அதே மாநிலத்தைச் சேர்ந்த மேற்கு வர்ஜீனியா பல்கலைக்கழகத்தின் பயிற்றுநர் பாபி பௌடன், தம் அணியின் ஆட்ட உத்திகளை லெங்கியல் கற்றுக்கொள்ள உதவினார். போட்டி அணிகள் பொதுவாக மறைத்து வைக்கும் உத்திகளை அவர் மனமுவந்து பகிர்ந்துகொண்டார்.

புதிய அணி தன் முதல் ஆட்டத்தில் 29-6 எனத் தோற்றது. அடுத்த ஆட்டம் செப்டம்பர் 25ஆம் நாள் ஹண்டிங்டனில் நடைபெற்றது. சேவியர் பல்கலைக்கழக அணி 13-9 என முன்னிலையில் இருக்க, ஆட்டத்தின் கடைசி விநாடிகளும் கரைந்துகொண்டிருந்தன. அப்போது ரெஜி ஆலிவர் எறிந்த பந்தைப் பெற்ற டெர்ரி கார்ட்னர் எல்லைக்கோட்டைக் கடந்தார். மார்ஷல் 15-13 என வென்றது. மக்கள் களத்திற்குள் ஓடிச் சென்று ஆட்டக்காரர்களைக் கட்டித் தழுவினர். பலர் கண்ணீர் விட்டனர்.

எனினும், ஒரு வெற்றி எல்லாக் காயங்களையும் ஆற்றிவிடவில்லை. துணைப் பயிற்றுநர் ரெட் டாசன், புதிய ஆட்டக்காரர்களைத் தேடும் பணிக்காகச் சாலை வழியே சென்றதால் விபத்திலிருந்து தப்பியவர். அவர் 1971ஆம் ஆண்டுப் பருவம் முடியும்வரை அணிக்கு உதவிவிட்டு, பயிற்றுநர் பணியிலிருந்தே விலகினார். அணியும் உடனே வலிமை பெறவில்லை. தோல்விகளைவிட மிகுதியான வெற்றிகளை ஒரு பருவத்தில் பெறுவதற்கு அது 1984ஆம் ஆண்டுவரை காத்திருந்தது. 1992ஆம் ஆண்டில் தன் பிரிவில் தேசிய வெற்றியாளர் பட்டத்தைக் கைப்பற்றியது.

பல்கலைக்கழக வளாகத்தில் இறந்தோர் நினைவாக ஒரு நீரூற்று அமைக்கப்பட்டுள்ளது. ஆண்டுதோறும் நவம்பர் 14ஆம் நாள் மக்கள் அங்குக் கூடி, ஒவ்வொருவரின் பெயரையும் கூறி அஞ்சலி செலுத்துகின்றனர். பின்னர் நீரூற்று நிறுத்தப்படுகிறது. குளிர்காலம் முழுவதும் அது அமைதியாக இருக்கும். இளவேனிற்காலத்தில் மீண்டும் நீர் பாயத் தொடங்கும்.

பேரிழப்பிலிருந்து மீள்வதற்குப் பல ஆண்டுகள் ஆகலாம். சிலர் விலகிச் செல்லவும் நேரிடலாம். வெல்வோம் என்ற உறுதி இல்லாத நிலையிலும் களமிறங்கத் துணிந்தவர்கள் 1971ஆம் ஆண்டு அணியினர். பிற்காலத்தில் மார்ஷல் பெற்ற வெற்றிகளுக்கு, எட்டு முறை தோற்ற அந்த அணியே அடித்தளமிட்டது.