முத்திரை பதித்த பலகாரம்

நுழையும்முன்
கொரிய மக்களின் அடுக்களையில் புழங்கிய மரக்கருவிகள் சிலவற்றை இப்பாடம் அறிமுகப்படுத்துகிறது. அவற்றுள் ஒன்றை எந்தக் குடும்பமும் எளிதில் இரவல் தருவதில்லை. ஆனால் அக்கருவியால் முத்திரையிட்ட பண்டத்தை அயலார்க்குக் கொடுக்காமல் உண்பதும் அவர்கள் வழக்கமன்று.

கொரியர்கள் அரிசியைச் சோறாக உண்பதோடு, ஆவியில் அவித்தும் இடித்தும் பலவகைப் பலகாரங்களாகவும் ஆக்குகின்றனர். இப்பலகாரங்களின் பொதுப்பெயர் ‘தொக்’. புத்தாண்டு, அறுவடைத் திருநாள், மணவிழா, முன்னோர் வழிபாடு ஆகியவற்றில் தொக் தவறாமல் இடம்பெறும். அடியில் துளைகளையுடைய ‘சிரு’ என்னும் மட்கலத்தில் இதனை அவிப்பர். இன்றைய வடகொரியாவில் கி.பி. 357ஆம் ஆண்டைச் சேர்ந்த அனாக் மூன்றாம் கல்லறை உள்ளது. அதன் சுவரோவியத்தில், அடுப்பின்மேல் சிருவை ஏற்றிப் பெண்ணொருத்தி சமைக்கும் காட்சியை இன்றும் காணலாம்.

சிரு மண்ணால் ஆனது. அதன்பின் வரும் வேலை மரத்தினுடையது. வெந்த பசையரிசியை ‘ஆன்பான்’ என்னும் தடித்த, அகன்ற பலகையில் கொட்டுவர். பெரிய கொட்டாப்புளி போன்ற ‘தொக்மே’யை ஓங்கி அடிப்பர். இருவர் எதிரெதிரே நின்று மாறிமாறி அடிப்பதும் உண்டு. மற்றொருவர் அருகிலமர்ந்து, நீர் தொட்ட கையால் மாவை மடித்துத் திருப்பிவிடுவார். இரண்டு அடிகளுக்கு இடைப்பட்ட நொடியில் கையை நீட்டி இழுத்துக்கொள்ள வேண்டும். தாளம் தப்பினால் விரல் நசுங்கும். பருக்கை மறைந்து, இழுத்தால் நீளும் பதம் வந்ததும் துண்டுகளாக்கி, வறுத்த சோயா மாவில் புரட்டினால் ‘இன்ஜொல்மி’ ஆயத்தமாகும்.

இடிக்கும் ஓசை வேலியைத் தாண்டிச் செல்லும். இவ்வீட்டில் தானியம் உண்டு என்பதை அது ஊருக்குச் சொல்லிவிடும். தானியம் இல்லாத வீடு என்ன செய்யும்? 1145ஆம் ஆண்டில் கிம் புசிக் தலைமையில் தொகுக்கப்பட்ட ‘சாம்குக் சாகி’ என்னும் வரலாற்று நூலில் ஒரு செய்தி உண்டு. சில்லா நாட்டில் பெக்யொல் என்னும் இசைவாணர் வாழ்ந்தார். நூறு ஒட்டுத்துணி உடுத்தவர் என்பது அப்பெயரின் கருத்து. ஆண்டிறுதியில் அண்டை வீடுகளில் தானியம் குற்றும் ஓசை கேட்டது. நம் வீட்டில் மட்டும் குற்றுவதற்கு ஒன்றுமில்லையே என்று மனைவி வருந்தினார். பெக்யொல் தம் கொமுன்கோ யாழை எடுத்து, உலக்கை விழும் ஓசையை அப்படியே நரம்பில் எழுப்பி அவரைத் தேற்றினார். வயிறு நிரம்பியிராது, ஆனாலும் அவ்வாண்டு அவ்வீட்டிலிருந்தும் ஓர் ஓசை எழுந்தது.

பசையற்ற அரிசிமாவை அவித்து, இடித்து, தட்டையாக்கிச் செய்வது ‘ஜொல்பியொன்’. இதன்மேல் அழுத்தும் அச்சே ‘தொக்சல்’. பீங்கானிலும் இது செய்யப்பட்டதுண்டு. மர அச்சு பெரும்பாலும் ஏறத்தாழ ஓரடி நீளமுள்ள கட்டை. அதில் நான்கு முதல் ஆறு வேறுவேறு வடிவங்கள் வரிசையாகச் செதுக்கப்பட்டிருக்கும். நீள்வாழ்வையும் நற்பேற்றையும் குறிக்கும் எழுத்துகளும் அவற்றுள் உண்டு. எழுத்தைச் செதுக்குவோர் அதனை இடவலம் மாற்றிச் செதுக்க வேண்டும். அப்போதுதான் மாவில் நேராகப் பதியும்.

எவ்வடிவம் எந்நாளுக்கு என்பதிலும் ஒரு முறைமை இருந்தது. ஐந்தாம் திங்கள் ஐந்தாம் நாளில் வரும் தானோ விழாவிற்கு வண்டிச்சக்கரம். விருந்துப் பலகாரத்திற்குப் பூ. சம்பந்தி வீட்டிற்கு அனுப்புவதற்கு மங்கலக் குறிகள். இவற்றுக்கெல்லாம் மேலாக, அச்சின் வடிவம் குடும்பத்தின் அடையாளமாகவே கருதப்பட்டது. ஆகவே அதனைப் பிறர்க்கு இரவல் கொடுப்பதில்லை. மாற்ற நேர்ந்தால் குலத்தாரின் இசைவைப் பெற வேண்டும். தட்டில் வந்த பலகாரத்தைப் பார்த்தே அனுப்பிய வீட்டை அறிந்துகொள்ளலாம்.

தெரிந்து தெளிவோம்
சில்லாவின் அரியணைக்கு உரியவர் யூரியா, தல்ஹேயா என்ற நிலை எழுந்தபோது, அறிவுடையோர்க்குப் பற்கள் மிகுதி என்று கூறி, இருவரும் தொக்கைக் கடித்துப் பல்தடங்களை எண்ணினர். யூரி அரசரானார் என்கிறது சாம்குக் சாகி. ‘இசகும்’ என்னும் அரசப் பட்டப்பெயர் பல்தடத்தைக் குறிப்பது என்பர்.

தேநீருடன் உண்ணும் ‘தாஷிக்’ என்னும் இனிப்பின் அச்சு சற்று நுட்பமானது. மேற்பலகையில் வட்டத் துளைகள். கீழ்ப்பலகையில் அவற்றுக்கு நேராகச் சித்திரமுளைகள். இடையில் சிறு கட்டைகளைச் செருகி மேற்பலகையை உயர்த்தி, தேனில் பிசைந்த மாவைத் துளைகளில் நிரப்புவர். கட்டைகளை உருவி மேற்பலகையை அழுத்தினால் பூப்பதித்த வில்லைகள் மேலெழும்.

குழந்தை பிறந்த நூறாம் நாளில் வெண்ணிறத் தொக்கை நூறு வீடுகளுக்குப் பகிர்ந்தால் அது நெடுநாள் வாழும் என்பது கொரியர் நம்பிக்கை. பெற்றுக்கொண்டவர்கள் பாத்திரத்தை வெறுமையாகத் திருப்புவதில்லை. நூலோ அரிசியோ இட்டு அனுப்புவர். நூல் நீண்ட ஆயுளுக்கு அறிகுறி.

விசையால் இயங்கும் அரவை ஆலைகள் வந்தபின் தொக்மேயின் ஓசை வீடுகளில் அருகிவிட்டது. தொக்சல்கள் பல, சியோல் நகரின் தேசிய நாட்டுப்புற அருங்காட்சியகத்தைச் சென்றடைந்தன. 2021ஆம் ஆண்டில் தென்கொரிய அரசு தொக் செய்யும் மரபைத் தேசிய அருவப் பண்பாட்டு மரபாக அறிவித்தது. இத்தகைய மரபுகளுக்கு உரிய கலைஞரையோ அமைப்பையோ பெயர்சுட்டி ஏற்பது அங்குள்ள நடைமுறை. தொக்கிற்கு அவ்வாறு எவரையும் சுட்டவில்லை. நாடெங்கும் எல்லாரும் செய்து பகிர்ந்துண்பது என்பதே அதற்குச் சொல்லப்பட்ட காரணம்.