ஒரு ஜாக்கெட்டுக்கு எத்தனை அடி தோல்? லெதர் எக்ஸ்போர்ட்டில் வேலை தேடுபவர்களுக்கு எட்டு பாடங்கள்

சென்னையில் ஒரு லெதர் கார்மென்ட் எக்ஸ்போர்ட் கம்பெனி. மெர்ச்சண்டைசர் வேலைக்கு இன்டர்வியூ. கறுப்பு ஷீப் நாப்பா ஜாக்கெட் ஒன்றை மேஜையில் போட்டு, "இது என்ன விலை இருக்கும்?" என்று கேட்கிறார்கள். ஷோரூம் ஞாபகத்தில் ஏதோ ஒரு தொகையைச் சொல்பவர் வீட்டுக்குப் போகலாம். "எத்தனை அடி தோல் போயிருக்கு சார்?" என்று திருப்பிக் கேட்பவருக்கு அடுத்த ரவுண்டு. இந்தத் துறையில் விலை தெரிந்தால் போதாது, அந்த விலை எப்படி உருவாகிறது என்பதும் தெரிய வேண்டும். அதற்குத்தான் சம்பளம்.

1. அடிக்கணக்கில் யோசியுங்கள். துணி மீட்டரில் வரும், தோல் சதுர அடியில் வரும். நம் ஊர் ஆட்டுத் தோல் சிறியது. ஒரு தோல் சராசரியாக 5 அடி என்று வைத்தால், 40 அடி தேவைப்படும் ஜாக்கெட்டுக்கு எட்டு தோல் வேண்டும். எட்டும் ஒரே ஷேடில், ஒரே கனத்தில் இருக்க வேண்டும். அதனால்தான் இங்கே சார்ட்டிங் தனி வேலை, தனிச் செலவு. சில பையர்கள் சதுர டெசிமீட்டரில் பேசுவார்கள். 1 சதுர அடி என்பது 9.29 சதுர டெசிமீட்டர். மீட்டிங்கில் கால்குலேட்டரைத் தேடாதீர்கள்.

2. வேஸ்டேஜில் ஏமாறாதீர்கள். ஃப்ரெஷர்கள் வரிசையாக விழும் குழி இது. பேட்டர்ன் அளவு 32 அடி, வேஸ்டேஜ் 20 சதவீதம் என்று வைத்துக்கொள்வோம். 32-உடன் அதில் 20 சதவீதத்தைக் கூட்டி 38.4 என்று எழுதினால் தப்பு. வேஸ்டேஜ் கணக்கிடப்படுவது வாங்கிய தோலின் மேல். 32-ஐ 0.8-ஆல் வகுக்க வேண்டும். விடை 40. வித்தியாசம் வெறும் 1.6 அடிதான். அடி 120 ரூபாய் என்றால் ஒரு பீஸுக்கு 192 ரூபாய். ஆயிரம் பீஸ் ஆர்டரில் 1,92,000 ரூபாய். முதலாளியின் லாபத்திலிருந்து அவ்வளவு பணம் ஓர் எக்செல் செல்லில் போய்விடும்.

3. விலையைப் பிரித்துப் பேசுங்கள். தோல், லைனிங், ஜிப், கட்டிங், ஸ்டிச்சிங், பேக்கிங், ஓவர்ஹெட், லாபம். எட்டு வரியும் விரல் நுனியில் இருக்கட்டும். "இரண்டு டாலர் குறையுங்கள்" என்று பையர் சொன்னதும் லாபத்தில் கை வைக்காதீர்கள். உள்பாக்கெட் ஒன்றை எடுத்துவிடலாமா, காலருக்கு அடியில் இரண்டாம் கிரேடு தோல் போடலாமா என்று கேளுங்கள். எஃப்.ஓ.பி. விலையில் கப்பல் கூலியும் இன்ஷூரன்ஸும் இல்லை, சி.ஐ.எஃப். விலையில் இரண்டும் உண்டு. இன்வாய்ஸ் டாலரிலா யூரோவிலா என்பதையும் முதல் மெயிலிலேயே கேட்டுவிடுங்கள்.

4. டேட்டாவை நீங்களே எடுங்கள். லெதர் உடைகளுக்கு எச்.எஸ். கோடு 4203 10. கையுறையும் பெல்ட்டும் இதே 4203-இல் வந்தாலும் கிளைகள் வேறு. பி.யு. (செயற்கைத் தோல்) ஜாக்கெட் இதில் சேராது. எந்த நாட்டுக்கு எவ்வளவு போனது என்பதை மத்திய வர்த்தகத் துறையின் டிரேட்ஸ்டாட் தளத்தில் பார்க்கலாம். மதிப்பை எண்ணிக்கையால் வகுத்தால் சராசரி யூனிட் விலை கிடைக்கும். அந்தச் சராசரியை அப்படியே நம்பிவிடாதீர்கள். வெஸ்ட் கோட் குறைந்து நீளக் கோட் கூடினாலே அது ஏறும். "விலை ஏறிவிட்டது" என்று அவசரப்பட்டுச் சொல்பவரை மடக்க, இந்த ஒரு வரி போதும்.

5. போட்டியாளரின் பலத்தைத் தெரிந்துகொள்ளுங்கள். இத்தாலி பெயரை விற்கிறது. சீனா அளவை விற்கிறது. ஜி.எஸ்.பி. பிளஸ் திட்டத்தால் 2014 முதல் ஐரோப்பிய யூனியனில் பாகிஸ்தானுக்கு வரிச் சலுகை இருக்கிறது. ஜெர்மன் பையர் கராச்சி விலையைக் காட்டி மிரட்டும்போது, அந்த விலையில் வரியின் பங்கு எவ்வளவு, தையல் கூலியின் பங்கு எவ்வளவு என்று உங்களுக்குப் பிரித்துப் பார்க்கத் தெரிய வேண்டும்.

6. பட்ஜெட்டைத் தொழில் கண்ணால் படியுங்கள். 2025 மத்திய பட்ஜெட்டில் வெட் புளூ (குரோமில் பதனிட்ட ஈரத்) தோலுக்கு இறக்குமதி வரி நீக்கப்பட்டது. கிரஸ்ட் (பதனிட்டு உலர்த்திய, ஃபினிஷிங் செய்யாத) தோலுக்கு இருந்த 20 சதவீத ஏற்றுமதி வரியும் போனது. முதலாவதால் வெளிநாட்டுத் தோல் மலிவாக உள்ளே வரலாம். இரண்டாவதால் உள்ளூர் கிரஸ்ட் வெளிநாட்டுக்குப் போய், ஜாக்கெட் தைப்பவருக்குத் தட்டுப்பாடு வரலாம். இந்த இரண்டு பக்கத்தையும் இன்டர்வியூவில் நான்கு வாக்கியத்தில் சொல்லுங்கள். எதிரே இருப்பவர் பேனாவைக் கீழே வைப்பார்.

7. டெஸ்ட் ரிப்போர்ட் படிக்கப் பழகுங்கள். குரோம்பேட்டைக்குப் பெயர் தந்ததே குரோம் லெதர் கம்பெனிதான். தோலைப் பதனிடும் அந்த குரோமியம் சூட்டிலும், பொருந்தாத எண்ணெய்ப் பதத்திலும் ஆறாம் நிலை குரோமியமாக மாறினால் ஐரோப்பாவில் கதவு மூடிவிடும். 2015 மே 1 முதல் அங்கே வரம்பு கிலோவுக்கு 3 மில்லிகிராம். சரக்கு திரும்பி வந்தால் நீங்கள் போராடி வாங்கிய விலைக்கு அர்த்தமே இல்லை. அடையாறு மத்திய தோல் ஆராய்ச்சி நிறுவனம் (சி.எல்.ஆர்.ஐ.) நடத்தும் குறுகியகாலப் பயிற்சிகளைப் பாருங்கள். ரெஸ்யூமேயில் அந்த ஒரு வரி, "ஹார்ட் வொர்க்கிங்" என்ற வார்த்தையைவிடக் கனம்.

8. கட்டிங் மாஸ்டரைப் பகைக்காதீர்கள். தோலில் இருக்கும் தழும்பு, உண்ணிக் கடி, கத்தி வெட்டு இவற்றையெல்லாம் தாண்டி பேட்டர்னை உட்கார வைப்பவர் அவர். "மாஸ்டர், இந்த லாட்டில் எவ்வளவு அடிபடும்?" என்று டீ நேரத்தில் கேளுங்கள். அவர் சொல்லும் சதவீதத்தைத் தேதி போட்டு டைரியில் எழுதுங்கள். கம்பெனியின் காஸ்டிங் ஷீட்டை மட்டும் பென் டிரைவில் எடுத்துப்போய் அடுத்த இன்டர்வியூவில் காட்டாதீர்கள். பழைய கம்பெனியுடையதைக் காட்டியவர் நாளை நம்முடையதையும் காட்டுவார் என்று அவர்களுக்குத் தெரியும். டைரியால் வளர்ந்த கண் உங்களுடையது. அதற்கு யாரும் உரிமை கொண்டாட முடியாது.

அப்ரைசல் நாளில் "இரண்டு வருஷமா உழைக்கிறேன் சார்" என்று ஆரம்பிக்காதீர்கள். எந்த ஆர்டரில் எத்தனை அடி தோல் மிச்சப்பட்டது, அடி என்ன விலை, மொத்தம் எவ்வளவு என்று ஒரு தாளில் எழுதிக் கொண்டுபோங்கள். ஜாக்கெட்டுக்கு விலை போட்ட அதே முறைதான். இந்தத் தடவை ஷீட்டில் இருப்பது நீங்கள்.